நார்விச் ஜூலியன் சொன்ன ‘எல்லாம் நலமாகும்’ என்பது துன்பத்தில் இருப்பவருக்கு உண்மையிலேயே உதவுமா, வெறும் ஆறுதல் பேச்சா?

உங்கள் கேள்வியைப் படித்ததும், வீட்டில் யாருக்கோ சுகமில்லை, இல்லாவிட்டால் யாரோ வழிதவறி நிற்கிறார்கள் என்றுதான் எனக்குத் தோன்றியது. சும்மா இருப்பவருக்கு இந்தக் கேள்வி வராது. யாரோ அந்த வாக்கியத்தைப் பூப்படம் போட்டு வாட்ஸப்பில் அனுப்பியிருப்பார்கள், உங்களுக்கு வயிறு எரிந்திருக்கும். எனக்கும் எரிந்தது. என் தம்பி குடிக்கிறவன். இருபத்திரண்டு வருஷமாக.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் இறையியல் படித்தவள் இல்லை. தூத்துக்குடிப் பக்கம் ஒரு பள்ளியில் ஆங்கில ஆசிரியையாக இருந்து ஓய்வு பெற்றவள். கூட வேலை பார்த்த சிஸ்டர் ஒருவர் இடமாற்றம் ஆகிப் போகும்போது ஜூலியனின் புத்தகத்தை, இன்றைய ஆங்கிலத்தில் உள்ள பதிப்பை, என் கையில் கொடுத்துவிட்டுப் போனார். இரண்டு வருஷம் அலமாரியில் கிடந்தது.

தெரியாதவர்களுக்காகக் கொஞ்சம். ஜூலியன் ஒரு பெண். 1342 வாக்கில் பிறந்தவர். இங்கிலாந்தின் நார்விச் நகரத்தில், புனித ஜூலியன் என்ற வேறொரு புனிதரின் பெயரில் இருந்த கோயிலை ஒட்டிய ஓர் அறையில், ஆயுள் முழுக்க வெளியே வராமல் அடைபட்டு வாழ்ந்த துறவி. தெருப்பக்கம் ஒரு சன்னல் இருந்தது. மனக்குறையோடு வருகிறவர்கள் அங்கே வந்து பேசலாம். மார்ஜரி கெம்ப் என்ற பெண் 1413 வாக்கில் அப்படி வந்து பல நாள் பேசியிருக்கிறார். மார்ஜரியின் சரித்திரத்திலேயே அது இருக்கிறது.

ஜூலியன் அறைக்குள் போகுமுன் நடந்ததுதான் முக்கியம். 1373 மே மாதம், முப்பதரை வயதில், சாகக் கிடந்தார். சாகும் தறுவாயில் எண்ணெய் பூசிச் செபிக்கும் அவஸ்தை பூசுதல் எல்லாம் முடிந்துவிட்டது. இடுப்புக்குக் கீழே உணர்ச்சி இல்லை. கோயில் சாமியார் வந்து பாடுபட்ட சுரூபத்தை, அதாவது சிலுவையில் தொங்கும் இயேசுவின் உருவத்தை, முகத்துக்கு நேரே பிடித்து, இதைப் பார்த்து ஆறுதல் அடை என்றார். மகள் போய்விட்டாள் என்று நினைத்து, பெற்ற தாய் அவர் கண்ணை மூடக் கையைத் தூக்கியிருக்கிறார். அந்த நிலையில் பதினாறு காட்சிகள் கண்டார், பிழைத்தார், எழுதினார். அப்புறம் ஏறக்குறைய இருபது வருஷம் அதையே யோசித்து, மறுபடி விரிவாக எழுதினார். ஆங்கிலத்தில் ஒரு பெண் எழுதியது என்று நமக்குத் தெரிந்த புத்தகங்களில் அதுதான் முதலாவது. அவருக்கு ஆறேழு வயது இருக்கும்போது, 1349இல், நார்விச்சில் கொள்ளைநோய் வந்தது. 1361இலும் 1369இலும் இங்கிலாந்தை அது மறுபடி தாக்கியது. அதனால் ‘கஷ்டம் தெரியாத கன்னியாஸ்திரி பேச்சு’ என்று யாரும் எழுத வேண்டாம்.

பூப்படத்தில் வராத விஷயம் ஒன்று உண்டு. ‘எல்லாம் நலமாகும்’ என்பது நோய்க்கோ பணக்கஷ்டத்துக்கோ சொன்ன வார்த்தை இல்லை. பாவத்தை ஏன் முதலிலேயே தடுக்கவில்லை என்று ஜூலியன் உள்ளுக்குள் புலம்பிக்கொண்டிருக்கும்போது கிடைத்த பதில் அது. பாவம் வரவேண்டியிருந்தது, ஆனாலும் எல்லாம் நலமாகும் என்று ஆண்டவர் சொல்கிறார். அதைக் கேட்டு இவர் தலையாட்டிவிட்டுப் போகவில்லை. பாவத்தால் உம்முடைய படைப்புகளுக்கு இவ்வளவு பெரிய கேடு வந்திருக்கிறதே ஆண்டவரே, எப்படி நலமாகும் என்று திருப்பிக் கேட்கிறார். அந்த இடத்தில்தான் நான் புத்தகத்தோடு நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

ஏனென்றால் எனக்கு அதற்குள் வாக்குறுதிகள் அலுத்துப்போயிருந்தன. தம்பிக்காக நான் வைக்காத நேர்ச்சை இல்லை. செவ்வாய்க்கிழமை தவறாமல் அந்தோனியார் நவநாள். அம்மா இருந்தவரை வேளாங்கண்ணிக்கு நடந்தே போனார். ஒரு வருஷம் செபக்கூட்டம் ஒன்றுக்குப் போயிருந்தேன். மேடையில் இருந்தவர் என்னைக் கைகாட்டிக் கூப்பிட்டு, “உங்க தம்பி கிறிஸ்துமசுக்குள்ள குடியை விட்டுருவான், ஆண்டவர் எனக்குக் காட்டுறார்” என்றார். ஆயிரம் பேர் அல்லேலூயா சொன்னார்கள். நான் அழுதுகொண்டே வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அம்மா அந்த மூன்று மாதமும் நாள் எண்ணினார். கிறிஸ்துமஸ் ராத்திரி அவன் பூசைக்கு வரவில்லை, எங்கே கிடந்தான் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. அம்மா அடுத்த தவக்காலத்தில் இறந்துபோனார். எனக்கு அந்த மனிதர் மேல் இன்றைக்கும் கோபம் ஆறவில்லை.

இப்போது ஜூலியனிடம் வாருங்கள். எல்லாம் நலமாகும் என்று கேட்ட பிறகு, அவர் நம்மைப் போலவே ஒன்று செய்கிறார். தனக்குப் பிரியமான ஒருவர் நல்ல வழியில் நடக்கத் தொடங்கியிருந்தார். அவர் அதில் நிலைத்திருப்பாரா என்று தெரிந்துகொள்ள ஆசைப்படுகிறார். ஊருக்கெல்லாம் பொதுவாகச் சொன்னது சரி, என் ஆளுக்கு என்ன ஆகும் என்ற கேள்வி. பதில் கிடைக்கவில்லை. பொதுவாகச் சொன்னதைப் பொதுவாகவே எடுத்துக்கொள் என்கிற மாதிரி ஒரு பேச்சுதான் உள்ளுக்குள் வந்தது என்று எழுதுகிறார். நான் அந்தப் பக்கத்தைப் பத்துத் தடவையாவது படித்திருப்பேன். காட்சி கண்டவருக்கே ஆள் பெயர் சொல்லி உத்தரவாதம் கிடைக்கவில்லை. கிடைத்ததாக நடிக்கவும் இல்லை அவர். மேடையில் நின்றவர் ஒரு நொடியில் சொன்னதை, இவர் சொல்ல மறுத்தார். எனக்கு அவர் மேல் நம்பிக்கை வந்தது அங்கேதான்.

இதைச் சொல்லும்போது இன்னொன்றும் வாயில் வருகிறது, கேள்விக்குச் சம்பந்தமில்லைதான். எங்கள் சொந்தத்தில் ஒரு கல்யாணம். தம்பி ஐந்து மாதம் தொடாமல் இருந்தான். மண்டபத்துக்குப் பின்னால் கூட்டிப்போய், “இன்னிக்கு ஒருநாள் தானேடா, மச்சான் கல்யாணத்துக்குக் கூடவா” என்று ஊற்றிக் கொடுத்தது வெளியாள் இல்லை, சித்தப்பா மகன்கள். மறுவாரம் அதே ஆட்கள் என் வீட்டுக்கு வந்து, நீ இன்னும் நல்லா செபம் பண்ணணும் அக்கா என்றார்கள். குடிக்கிறவன் வீட்டுப் பெண்களிடம் செபம் பண்ணச் சொல்கிறவர்கள் முதலில் கிளாசைக் கீழே வையுங்கள். சரி, விடுகிறேன்.

2019 ஐப்பசியில் ஒருநாள் நல்ல மழை. ராத்திரி பத்தரைக்குப் பக்கத்துத் தெருப் பையன் வந்து கதவைத் தட்டினான். நானும் வீட்டுக்காரரும் டார்ச் எடுத்துக்கொண்டு போனோம். தம்பி வாய்க்காலில் விழுந்து கிடந்தான். முழங்கால் பிசகி, எழும்ப முடியாமல், அந்தப் பக்கம் பார்த்தபடி. “அக்கா வரலையா, அக்கா வரலையா” என்று முனகிக்கொண்டே இருந்தான். நான் அவன் முதுகுக்குப் பின்னால்தான் நின்றேன். குனிந்து தொடவில்லை. அவ்வளவு ஆத்திரம். வீட்டுக்காரர்தான் இறங்கித் தூக்கினார்.

ஜூலியன் ஓர் உவமை சொல்கிறார். எஜமான் ஒரு வேலை சொல்கிறார், வேலைக்காரன் பிரியத்தோடு ஓடுகிறான், ஓடின வேகத்தில் பள்ளத்தில் விழுந்து நன்றாக அடிபட்டுக்கொள்கிறான். உருளுகிறான், முனகுகிறான், எழும்ப முடியவில்லை. ஆனால் அவனுடைய பெரிய வேதனை எது என்றால், தலையைத் திருப்ப முடியாததால், பக்கத்திலேயே இருக்கும் எஜமானின் முகத்தைப் பார்க்க முடியவில்லை என்பதுதான். எஜமான் கோபமாகப் பார்க்கிறார் என்று நாம் எதிர்பார்ப்போம். இவர் தேடித் தேடிப் பார்த்தும் அந்த முகத்தில் குற்றம் சாட்டும் பார்வையே இல்லை, இரக்கம்தான் இருந்தது என்கிறார். இந்த உவமையின் பொருள் விளங்க அவருக்கு மூன்று மாதம் குறைய இருபது வருஷம் ஆனது. சுருக்கமாக எழுதிய முதல் புத்தகத்தில் அது இல்லவே இல்லை.

அதைப் படித்த அன்றைக்கு மத்தியானம் நான் சமைக்கவில்லை. வாய்க்காலில் கிடந்தவன் எப்படிப் புரண்டான் என்று எனக்குத் தெரியும். பின்னால் நின்ற என் முகம் எப்படி இருந்தது என்றும் தெரியும்.

இதற்கு யாராவது வந்து, அப்படியானால் பாவம் பரவாயில்லையா, குடிக்கலாமா என்று கேட்பீர்கள். அவர் அப்படிச் சொல்லவே இல்லை. பாவத்தைப் போலக் கொடிய வேதனை ஆன்மாவுக்கு வேறில்லை என்றும், திருச்சபை போதிப்பதைத் தான் விடவில்லை என்றும் திரும்பத் திரும்ப எழுதுகிறார். அவருக்குப் புனிதர் பட்டம் இல்லையே என்று எங்கள் அன்பியக் கூட்டத்தில், அதாவது பக்கத்து வீட்டுக் கத்தோலிக்கர்கள் சேர்ந்து செபிக்கும் கூட்டத்தில், ஒருவர் மறித்தார். இல்லைதான். ஆனால் கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி நூல் 313ஆம் எண்ணில் அவருடைய வார்த்தையை எடுத்துப் போட்டிருக்கிறது. பாப்பரசர் பதினாறாம் பெனடிக்ட் 2010 டிசம்பரில் ஒரு புதன்கிழமை மறைக்கல்வி உரை முழுவதையும் அவரைப் பற்றியே ஆற்றினார். எனக்கு அது போதும்.

உதவுமா என்று கேட்டீர்கள். ஆளைக் குணமாக்கும் மருந்து மாதிரி உதவாது. உங்கள் வீட்டில் இருப்பவருக்கு டாக்டரிடம் காட்ட வேண்டியிருந்தால் காட்டுங்கள், நாங்களும் தம்பியை இரண்டு தடவை மறுவாழ்வு மையத்தில் சேர்த்தோம். துன்பம் வராது என்றும் ஜூலியன் சொல்லவில்லை. புயலடிக்காது, களைக்க மாட்டாய் என்று ஆண்டவர் சொல்லவில்லை, நீ தோற்றுவிட மாட்டாய் என்றுதான் சொன்னார் என்று தெளிவாகவே எழுதியிருக்கிறார்.

தம்பி இப்போது எட்டு மாதமாகக் குடிக்கவில்லை. இதற்கு முன்பு பதினோரு மாதம் வரை இருந்து விழுந்திருக்கிறான், அதனால் நான் யாரிடமும் பெருமையாகச் சொல்வதில்லை. முன்பெல்லாம் அவன் வாசலில் வந்து நின்றதும் வாசனை வருகிறதா என்றுதான் முதலில் பார்ப்பேன். அது அவனுக்கும் தெரியும், இரண்டடி தள்ளியே நிற்பான். போன ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து நேராக வந்தான். நான் முகத்தைப் பார்த்து, உள்ளே வா, ஆப்பம் சுட்டிருக்கேன் என்றேன்.