ஒல்மெக் தொல்லியல் இடங்களை வழிகாட்டியோடு ஒரே நாளில் பார்த்துவிட முடியுமா?

மெக்சிகோ போகும்போது மாயா, அஸ்டெக் இடங்களோடு நிறுத்தாமல் அவர்களுக்கும் முந்தைய ஒல்மெக் மக்களின் இடங்களையும் பார்க்க ஆசை, ஒரு நாள் வழிகாட்டிச் சுற்றுலா போதுமா, கொடுக்கிற காசுக்குத் தகுமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

போதும், தகும். ஆனால் எல்லா ஒல்மெக் இடங்களையும் ஒரே நாளில் அடக்கப் பார்க்காதீர்கள். அந்த நாளை லா வென்டாவுக்கு மட்டும் கொடுங்கள். வேலை நிமித்தமாக மெக்சிகோ சிட்டியில் தங்கியிருந்த காலத்தில் நான் அப்படித்தான் போனேன். அங்கிருந்து தபாஸ்கோ மாநிலத் தலைநகர் வியாஎர்மோசாவுக்கு விமானம், இரவு அங்கே தங்கல், மறுநாள் காலை காரில் வழிகாட்டியோடு கிளம்பல்.

பணம் கட்டும் முன் ஒரு விஷயத்தைத் தெளிவாகக் கேட்டுக்கொள்ளுங்கள். லா வென்டா என்ற பெயரில் இரண்டு இடங்கள் இருக்கின்றன. ஒன்று, வியாஎர்மோசா நகருக்குள்ளேயே ஏரிக்கரையில் இருக்கும் லா வென்டா பூங்கா அருங்காட்சியகம். இன்னொன்று, அங்கிருந்து மேற்கே சுமார் 130 கிலோமீட்டர் தள்ளி, அண்டை மாநிலமான வெராக்ரூஸின் எல்லைப் பக்கம் இருக்கும் உண்மையான பழைய நகரம். பல சுற்றுலா விளம்பரங்களில் 'லா வென்டா' என்று மட்டும் போட்டிருக்கும். அது பெரும்பாலும் நகருக்குள் இருக்கும் பூங்காதான். அரை நாளில் முடிந்துவிடும், வழிகாட்டி இல்லாமலேயே பார்க்கலாம். நான் முதலில் பேசிய ஒரு நிறுவனம் 'ஒல்மெக் நகரச் சுற்றுலா' என்று சொன்னதும் இந்தப் பூங்காவைத்தான். நாலு கேள்வி கேட்ட பிறகே அது தெரிந்தது. "தொல்லியல் மேடு இருக்கிற இடத்துக்குப் போகிறோமா, பிரமிடைப் பார்ப்போமா?" என்று நேராகக் கேட்டுவிடுங்கள்.

ஒரே ஊர் ஏன் இப்படி இரண்டாகப் பிரிந்து கிடக்கிறது என்பதே இந்தப் பயணத்தின் பாதிக் கதை. லா வென்டா கி.மு. 900 முதல் 400 வரை செழித்திருந்த நகரம். தோனலா ஆற்றை ஒட்டிய சதுப்பு நிலத்தின் நடுவே தீவுபோல எழும்பிய ஒரு மேட்டில் கட்டினார்கள். 1925இல் ஃப்ரான்ஸ் ப்ளோம், ஆலிவர் லா ஃபார்ஜ் என்ற இரு ஆய்வாளர்கள் அங்கே போய் வந்து எழுதினார்கள். 1940களில் மேத்யூ ஸ்டிர்லிங் அகழாய்வு செய்தார். அதற்கப்புறம் அந்தப் பகுதியில் எண்ணெய் எடுக்க ஆரம்பித்துவிட்டார்கள். மெக்சிகோ அரசின் எண்ணெய் நிறுவனமான பெமெக்ஸின் வேலைகள், விமான ஓடுதளம், புதிய குடியிருப்பு என்று பழைய நகரத்தை நாலாபுறமும் நெருக்கின. தபாஸ்கோவில் பிறந்த கவிஞர் கார்லோஸ் பெயிசேர் விடாமல் முயன்று, பெரிய சிற்பங்களையெல்லாம் வியாஎர்மோசாவுக்குக் கொண்டுவந்து, மரங்களுக்கிடையே நடைபாதை போட்டு, 1958இல் பூங்காவாகத் திறந்தார். எனவே கல் ஓர் ஊரில், அது நின்ற மண் வேறோர் ஊரில். அவர் செய்தது சரியா என்று இன்றைக்கும் விவாதிக்கலாம். அவர் அதைச் செய்யாமல் விட்டிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று மேட்டுக்குப் பக்கத்தில் நிற்கும் எரிவாயு ஆலையைப் பார்த்தால் ஓரளவு ஊகிக்கலாம்.

காலையில் முதலில் தொல்லியல் இடத்துக்குப் போங்கள், பூங்காவை மதியத்துக்கு மேல் வைத்துக்கொள்ளுங்கள். காரணம் வெயில். மேட்டுப் பகுதியில் புல்வெளி அதிகம், நிழல் குறைவு. பூங்கா முழுக்க அடர்ந்த மரம். சாலையில் இரண்டு மணி நேரம் போல ஆகும், அதனால் விடிந்ததும் கிளம்பினால்தான் வெயில் ஏறுமுன் சுற்றி முடிக்கலாம். பூங்காவில் கடைசியாக எத்தனை மணிக்கு உள்ளே விடுவார்கள் என்பதையும் முதல் நாளே கேட்டுவைக்க வேண்டும். நானும் என் வழிகாட்டியும் அந்தக் கணக்கிலேயே மதியச் சாப்பாட்டைச் சுருக்கிக்கொண்டோம்.

தொல்லியல் இடத்தில் இறங்கியதும் உங்களுக்கு ஏமாற்றமாகத்தான் இருக்கும். மாயா நகரமான சீசென் இட்சாவின் படிக்கட்டுப் பிரமிடை மனதில் வைத்துக்கொண்டு வருகிறவருக்கு எதிரே தெரிவது புல் மூடிய ஒரு பெரிய மண்குன்று. அவ்வளவுதான். வழிகாட்டிக்குக் கொடுத்த காசு இங்கேதான் வசூலாகிறது.

அந்தக் குன்று முழுக்க மனிதர்கள் கொட்டிச் சேர்த்த களிமண். உயரம் 30 மீட்டருக்கு மேல், மண்ணின் அளவு சுமார் 1 லட்சம் கன மீட்டர். அக்கம்பக்கத்தில் கட்டுமானக் கல் கிடையாது, அதனால் மண்ணிலேயே கட்டினார்கள். வண்டிச் சக்கரம் இல்லை, பாரம் இழுக்க மாடும் இல்லை. எல்லாம் ஆள் சுமை. 1960களின் கடைசியில் ராபர்ட் ஹைசர் குழு அளந்தபோது, பக்கங்களில் மேடும் பள்ளமுமாக ஓடும் மடிப்புகளைப் பார்த்துவிட்டு, எரிமலை வடிவத்தில் வேண்டுமென்றே கட்டினார்களோ என்று நினைத்தார்கள். பிற்பாடு ரெபெக்கா கொன்சாலெஸ் லாவ்க் தலைமையில் நடந்த அகழாய்வில், அது அடுக்கடுக்கான பிரமிடாகக் கட்டப்பட்டது, மடிப்புகளெல்லாம் இரண்டாயிரத்துச் சொச்சம் வருட மழை அரித்தவை என்று தெரிந்தது. என் வழிகாட்டி இதைச் சொல்லிவிட்டு என்னைத் தெற்குப் பக்கம் அழைத்துப் போய், படி எங்கே இருந்திருக்கும், மூலை எங்கே உள்வாங்கியிருக்கும் என்று கையை நீட்டிக் காட்டினார். தனியாகப் போயிருந்தால் ஐந்து நிமிடத்தில் படம் எடுத்துக்கொண்டு திரும்பியிருப்பேன்.

பிரமிடுக்கு வடக்கே உள்ள பகுதி இன்னும் விசித்திரம். அங்கே அவர்கள் ஆழமான குழிகள் தோண்டி, தொலைவிலிருந்து கொண்டுவந்த செர்பென்டைன் என்ற பச்சைக் கற்களை டன் கணக்கில் அடுக்கி, மண் போட்டு மூடிவிட்டார்கள். சுமார் 485 கல்துண்டுகளைக் கோத்து ஒரு மொசைக் தளம் அமைத்து, அதையும் யாரும் பார்க்க முடியாதபடி களிமண்ணால் மூடினார்கள். இவ்வளவு உழைப்பும் புதைப்பதற்கே. 1955இல் கிடைத்த 'நான்காம் காணிக்கை' இதைவிடச் சுவாரசியம். 16 சிறிய கல் உருவங்கள், அவற்றுக்குப் பின்னால் 6 நெட்டையான கல் கோடரிகள், ஏதோ கூட்டம் நடப்பதுபோல நிற்கவைத்துப் புதைத்திருக்கிறார்கள். சில காலம் கழித்து ஒல்மெக்குகளே மேலிருந்து சரியான இடத்தில் ஒரு குழி தோண்டி, உருவங்களின் தலை தெரிகிற அளவுக்குத் திறந்து பார்த்துவிட்டு மறுபடி மூடியிருக்கிறார்கள். புதைத்த இடத்தை அவ்வளவு துல்லியமாக நினைவில் வைத்திருந்திருக்கிறார்கள். அந்த உருவங்கள் இப்போது மெக்சிகோ சிட்டியின் தேசிய மானிடவியல் அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. வியாஎர்மோசா வருமுன் அவற்றைப் பார்த்துவிட்டு வருவது நல்லது.

ஒல்மெக்குகள் பாறையில் செதுக்கிய பெரிய மனிதத் தலைகளும் பலிபீடங்களும்தான் அவர்களின் அடையாளம். தொல்லியல் இடத்தில் நிற்பவை பெரும்பாலும் நகல்கள். அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. எது எந்தத் திசை பார்த்து நின்றது என்று புரிய நகல் போதும். வாசலில் சிறிய அருங்காட்சியகம் ஒன்றும் உண்டு, கடைசியாகப் பாருங்கள்.

திரும்பும் வழியில் சாப்பாடு. தபாஸ்கோவின் பெருமை பெஹெலகார்தோ என்ற, முதலை மாதிரி நீண்ட வாய் உள்ள ஆற்று மீன், நெருப்பில் வாட்டித் தருவார்கள். சைவம் என்றால் கொஞ்சம் திண்டாட்டம்தான், வாழைக்காய் வறுவலும் பீன்ஸும் கேட்டு வாங்கிக்கொள்ள வேண்டும். பொசோல் மட்டும் கட்டாயம் குடியுங்கள். மக்காச்சோள மாவையும் கொக்கோவையும் தண்ணீரில் கரைத்துக் குளிரக் குளிரத் தருவார்கள். அந்த வெயிலில் நம்மூர்க் கம்பங்கூழ் செய்யும் அதே வேலையை அது செய்கிறது.

மதியம் பூங்காவுக்குள் நுழைந்ததும் காலையில் பார்த்த வெற்றிடங்கள் ஒவ்வொன்றாக நிரம்ப ஆரம்பிக்கும். லா வென்டாவில் கிடைத்த 4 பெருந்தலைகளில் 3 இங்கேதான். முதல் தலை ஏறத்தாழ 2.4 மீட்டர் உயரம், 24 டன் எடை. அந்த எரிமலைப் பாறை துக்ஸ்த்லா மலைகளிலிருந்து வந்தது, நேர்கோட்டிலேயே சுமார் 100 கிலோமீட்டர். ஆற்றில் தெப்பம் கட்டியா, தரையில் இழுத்தா, இரண்டுமா என்பதில் ஆய்வாளர்களிடையே இன்னும் ஒருமித்த முடிவு இல்லை. முகத்தைப் பார்த்ததும் 'இவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து வந்தவர்கள்' என்று யாராவது சொல்வார்கள், சில வழிகாட்டிகளும் கூட. தொல்லியலில் அதற்கு ஆதாரம் எதுவும் கிடையாது. அதே அகன்ற மூக்கும் தடித்த உதடும் உள்ள முகங்களைத் தபாஸ்கோ சந்தைகளில் இன்றைக்கும் பார்க்கலாம்.

எல்லோரும் தலைகளோடு படம் எடுத்துக்கொண்டு நகர்ந்துவிடுகிறார்கள். நான் அதிக நேரம் நின்றது 'நான்காம் பலிபீடம்' என்ற கல்லுக்கு முன்னால். பெயர்தான் பலிபீடம், உண்மையில் அது அரசர் உட்காரும் அரியணை என்று 1970களில் டேவிட் க்ரோவ் என்ற ஆய்வாளர் வாதிட்டார், இப்போது பெரும்பாலோர் அதை ஏற்றுக்கொள்கிறார்கள். குகைபோலக் குடைந்த மாடத்திலிருந்து ஒருவர் முன்னால் சாய்ந்து வருகிறார். கையில் ஒரு கயிறு. அந்தக் கயிற்றைக் கண்ணால் பின்தொடர்ந்துகொண்டே கல்லின் பக்கவாட்டுக்கு நடந்து போனால், மறுமுனையில் இன்னொருவர் உட்கார்ந்திருக்கிறார். கைதியா, உறவுமுறையைக் காட்டும் கயிறா என்று இரண்டு கட்சி உண்டு. நான் உறவுக் கட்சி. பக்கத்திலுள்ள ஐந்தாம் பலிபீடத்தில் ஒருவர் குழந்தையை ஏந்தி வருவதைப் பார்த்த பிறகு கைதிக் கதை எனக்கு ஒட்டவில்லை.

சிற்பங்களைத் தொடாதீர்கள். 2009 ஜனவரியில் ஒரு மதக் குழுவினர் ஏதோ சடங்கு என்று உப்புத் தண்ணீர், திராட்சைச் சாறு, எண்ணெய் எல்லாம் ஊற்றி 20க்கும் மேற்பட்ட சிற்பங்களைப் பாழாக்கினார்கள். காவலர்கள் கண்டிப்பாக இருந்தால் கோபப்பட வேண்டாம். குவாத்தி என்ற நீண்ட மூக்கு விலங்குகள் நடைபாதையில் சுதந்திரமாகத் திரியும், தின்பண்டப் பையை மூடி வையுங்கள்.

வழிகாட்டி விஷயத்தில், மெக்சிகோ சுற்றுலா அமைச்சகம் கொடுக்கும் அடையாள அட்டை வைத்திருக்கிறாரா என்று பாருங்கள். ஆங்கிலம் பேசுபவர் வேண்டுமென்றால் முன்கூட்டியே வாட்ஸ்அப்பில் பேசி உறுதிப்படுத்துங்கள், தபாஸ்கோவுக்கு வெளிநாட்டுப் பயணிகள் குறைவு என்பதால் அன்றைக்கு அன்றே கிடைப்பது சந்தேகம். திங்கட்கிழமையைத் தவிர்த்துவிடுங்கள், மெக்சிகோவில் பல அருங்காட்சியகங்களுக்கு அன்று விடுமுறை. ஏப்ரல், மே வெயில் தாங்காது, ஜூனிலிருந்து அக்டோபர் வரை மழை. கொசு மருந்து எப்போதும் தேவை.

'ஒல்மெக், மாயா, சாக்லேட் மூன்றும் ஒரே நாளில்' என்று கொமால்கால்கோவையும் கொக்கோத் தோட்டத்தையும் சேர்த்து விற்பார்கள். கொமால்கால்கோ சுட்ட செங்கல்லால் கட்டிய மாயா நகரம், அருமையான இடம், ஆனால் அதற்கு வேறொரு நாள் ஒதுக்குங்கள். இதோடு சேர்த்தால் நாள் முழுக்கக் காரில்தான் இருப்பீர்கள்.

இன்னொரு ஒல்மெக் நகரமான சான் லொரென்சோவை ஏன் சொல்லவில்லை என்று கேட்கலாம். லா வென்டாவுக்கும் முந்தையது, 10 பெருந்தலைகள் கிடைத்த இடம். ஆனால் அவற்றில் பல ஹலாபா நகர மானிடவியல் அருங்காட்சியகத்துக்குப் போய்விட்டன, 7 தலைகள் அங்கே ஒரே கூரையின் கீழ் இருக்கின்றன. வெராக்ரூஸ் பக்கம் இன்னொரு நாள் கிடைத்தால் ஹலாபாவுக்கே போங்கள், வழிகாட்டி தேவையில்லை. இன்னும் நேரம் இருந்தால் த்ரெஸ் சபோதெஸ் என்ற மற்றோர் ஒல்மெக் இடம், அங்கிருந்து சாந்தியாகோ துக்ஸ்த்லா என்ற ஊர். இதுவரை கிடைத்த 17 தலைகளில் மிகப் பெரியது, 3.4 மீட்டர், கண்களை மூடியபடி அந்த ஊர்ச் சதுக்கத்தில் இருக்கிறது. அதற்கு டிக்கெட் கிடையாது.