எலைன் மே: கேள்வி பதில்

கே (திருச்சி): எலைன் மே பெயரையே இப்போதுதான் கேள்விப்படுகிறேன். எந்தப் படத்தில் தொடங்கலாம்?

ப: 1971-இல் வந்த ‘எ நியூ லீஃப்’. அமெரிக்கரான எலைன் இதை எழுதி, இயக்கி, கதாநாயகியாகவும் நடித்தார். சொத்தை எல்லாம் கரைத்துவிட்ட ஒருவன் (வால்டர் மத்தாவ்), கொன்றுவிட்டுப் பணத்தை எடுத்துக்கொள்ளலாம் என்று ஒரு தாவரவியல் பேராசிரியையைக் கட்டிக்கொள்கிறான். தேனிலவில் அவள் புது இரவு உடையின் கைத்துளையில் தலையை விட்டுக்கொண்டு முழிக்கிறாள். அவன் இழுத்து, திருப்பி, மறுபடி இழுத்துச் சரிசெய்கிறான். எலைன் முகத்தில் சிரிக்கவைக்கும் முயற்சியே இல்லை. சொன்னபடி கையைத் தூக்கிக்கொண்டு நிற்கிறார், அவ்வளவுதான். கொல்ல வந்தவன் அவளைப் பார்த்துக்கொள்ள ஆரம்பிப்பது நமக்குப் புரிந்துவிடுகிறது.

கே (கோவை): ‘டூட்ஸி’ படத்தின் எழுத்தில் இவர் பங்கு உண்டு என்கிறார்கள். டைட்டிலில் பெயர் இல்லையே?

ப: இருக்காது. பில் மர்ரே செய்த அறைத்தோழன் பாத்திரம் இவர் கொண்டுவந்தது. ‘ரெட்ஸ்’ படத்துக்கும் பெயர் போடாமல் எழுதிக் கொடுத்தார். டைட்டில் கார்டை வைத்து இவரை எடை போடாதீர்கள். பெயரோடு வந்தவற்றில் ‘ஹெவன் கேன் வெயிட்’ (1978), ‘பிரைமரி கலர்ஸ்’ (1998) இரண்டுக்கும் திரைக்கதைக்காக ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது.

கே (சேலம்): ‘இஷ்டார்’ ஏன் தோற்றது?

ப: 1987-இல் எலைன் எழுதி இயக்கிய, சுமார் 5 கோடி டாலர் செலவான படம், அமெரிக்க வசூல் ஒன்றரைக் கோடியைத் தொடவில்லை. வெளியாவதற்கு முன்பே பத்திரிகைகள் செலவைப் பற்றித்தான் எழுதின. அதன்பின் அவர் கதைப்படம் எதையும் இயக்கவில்லை.

கே (நாகர்கோவில்): ‘இஷ்டார்’ மோசமான படம்தானே?

ப: திறமையில்லாத இரண்டு பாட்டுக்காரர்கள் பாட்டுக் கட்டும் முதல் பகுதியைப் பார்த்துவிட்டு வாருங்கள், பேசலாம்.

கே (சென்னை): ‘எ நியூ லீஃப்’ படத்தை பாரமவுண்ட் ஸ்டுடியோ வெட்டியது நல்லதுதானே? மூன்று மணி நேர நகைச்சுவையை யார் பார்ப்பார்கள்?

ப: நீளம் அல்ல பிரச்சினை. அவர் எழுதியதில் நாயகன் உண்மையிலேயே கொலை செய்துவிட்டுத் தப்பிக்கிறான். அதை எடுத்துவிட்டு 102 நிமிடத்தில் வெளியிட்டார்கள். தன் பெயரை நீக்கச் சொல்லி எலைன் வழக்குப் போட்டார்; தோற்றார்.

கே (சென்னை, மறுபடியும்): வெட்டிய படத்தைத்தானே நீங்களும் கொண்டாடுகிறீர்கள்?

ப: ஆமாம், கொண்டாடுகிறேன். இருப்பது அது ஒன்றுதானே! கொலைகாரனையும் ஒரு பெண் நேசிக்க முடியுமா என்று கேட்ட கதை, கொலை நடக்காத கதையாகிவிட்டது. மிஞ்சியது நன்றாக இருக்கிறது என்பதால் எழுதியவரைக் கேட்காமல் வெட்டியது சரியாகிவிடாது. இதில் நான் இறங்கி வரமாட்டேன்.

கே (ஈரோடு): ‘இஷ்டார்’ பார்க்கலாமா?

ப: மேலே நாகர்கோவில்காரருக்குச் சொல்லியாயிற்று.

கே (தஞ்சாவூர்): இப்போதும் நடிக்கிறாரா?

ப: ‘தி வேவர்லி கேலரி’ நாடகத்தில் நினைவு தப்பிவரும் பாட்டியாக நடித்து 2019-இல் அமெரிக்க நாடக உலகின் டோனி விருது வாங்கினார். அப்போது வயது 87.