ஹெர்குலிஸுக்குப் பெர்சியஸ் என்ன முறை?

கேள்வி: பெர்சியஸ் ஹெர்குலிஸுக்கு அண்ணன் என்று ஒரு இடத்தில் படித்தேன், கொள்ளுத்தாத்தா என்று இன்னொரு இடத்தில். எது சரி?
- வாசகர், தஞ்சாவூர்

பதில்: இரண்டும் சரி. கிரேக்கப் புராணத்தில் தேவர்களின் ராஜாவான ஜீயஸுக்கும் டானேக்கும் பிறந்தவன் பெர்சியஸ். அவன் மகன் எலெக்ட்ரியான், எலெக்ட்ரியானின் மகள் அல்க்மீனி, அந்த அல்க்மீனிக்கும் அதே ஜீயஸுக்கும் பிறந்தவன் ஹெர்குலிஸ். அம்மா வழியில் கொள்ளுத்தாத்தா, அப்பா வழியில் அண்ணன். சாகாத, கிழடு தட்டாத ஒரு அப்பா நான்கு தலைமுறைக்கும் பிள்ளை கொடுத்துக்கொண்டே இருந்தால் முறை இப்படித்தான் குழம்பும்.

ஆனால் அந்த வீட்டில் நீங்கள் பார்க்க வேண்டிய உறவு வேறொன்று. ஹெர்குலிஸை 12 வேலைகளுக்கு விரட்டிய ராஜா யூரிஸ்தியஸ், எலெக்ட்ரியானின் உடன்பிறந்தவனான ஸ்தெனெலஸின் மகன். நம் கணக்கில் ஹெர்குலிஸுக்குத் தாய்மாமன் முறை! இத்தனைக்கும் இரண்டு பேருக்கும் கிட்டத்தட்ட ஒரே வயது. இன்றைக்குப் பிறக்கும் பெர்சியஸ் வம்சத்துப் பிள்ளைதான் சுற்றியுள்ளோரை ஆளும் என்று ஜீயஸ் வாக்குக் கொடுத்துவிட, அவன் மனைவி ஹீரா அல்க்மீனியின் பிரசவ வலியைத் தடுத்து நிறுத்தி, ஸ்தெனெலஸின் மனைவிக்கு ஏழாம் மாதத்திலேயே பிள்ளை பிறக்கும்படி செய்துவிட்டாள். அந்தக் குறைமாதப் பிள்ளைதான் யூரிஸ்தியஸ். ஹெர்குலிஸ் காட்டுப்பன்றியை உயிரோடு தோளில் தூக்கிக்கொண்டு வந்து நிற்க, மாமன் பெரிய தாழிக்குள் இறங்கித் தலையை மட்டும் நீட்டிக் கையை ஆட்டுவதைப் பழைய கிரேக்க மண்பாண்ட ஓவியங்களில் பார்க்கலாம்.

கேள்வி: மீடியாவும் அரியாட்னியும் உறவா? இரண்டு பேர் கதையும் ஒரே மாதிரி இருக்கிறதே?
- வாசகி, திருநெல்வேலி

பதில்: உறவுதான், நெருங்கிய உறவு. சூரியன் ஹீலியோஸுக்கு ஏயீட்டஸ், கிர்கே, பாசிஃபே என்று பிள்ளைகள். கொல்கிஸ் ராஜா ஏயீட்டஸின் மகள் மீடியா, கிரீட் ராணி பாசிஃபேயின் மகள் அரியாட்னி. ஆக, மீடியாவுக்கு அரியாட்னி அத்தை மகள். மாட்டுத்தலை மனிதனான அந்த மினோட்டாரும் பாசிஃபே வயிற்றில் பிறந்ததுதான் என்பதை நாம் மறந்துவிடுகிறோம். புதிர்ப்பாதையில் வழி தவறாமலிருக்க ஏதென்ஸ் வீரன் தீசியஸ் கையில் அரியாட்னி நூலைக் கொடுத்தபோது அவன் கொல்லப்போனது அவள் உடன்பிறப்பை. மீடியாவும் பொன் ஆட்டுத்தோலைத் தேடி வந்த ஜேசனை நம்பிக் கப்பலேறியபோது துரத்தி வந்த சகோதரன் அப்சிர்ட்டஸைப் பலி கொடுத்தாள். எங்கிருந்தோ வந்த ஒருவனுக்காக இரண்டு பெண்களும் சொந்த ரத்தத்தை இழந்தார்கள், பிறகு அவர்களையே அந்த ஆண்கள் கைவிட்டார்கள்.

கி.மு. 3-ஆம் நூற்றாண்டில் ஜேசனின் பயணத்தைப் பற்றி அப்போலோனியஸ் எழுதிய 'ஆர்கோனாட்டிகா'வில் எனக்கு மிகவும் வலித்த இடம் ஒன்று உண்டு. மீடியாவின் உதவியைக் கேட்கும் ஜேசன், அரியாட்னி தீசியஸுக்கு எப்படி உதவினாள் என்று அத்தை மகள் கதையையே உதாரணமாகச் சொல்கிறான். நாக்சோஸ் தீவில் அவளை விட்டுவிட்டு தீசியஸ் கப்பலேறிப் போனதை மட்டும் சொல்லவில்லை. (காலக்கணக்கு பார்த்தால் இது இடிக்கும். மீடியா பிற்பாடு ஏதென்ஸுக்குப் போய் தீசியஸுக்குச் சித்தியாகி விஷம் கொடுக்கப் பார்த்த பிறகுதான் அவன் கிரீட்டுக்கே போகிறான். கவிஞர் அதைப் பற்றிக் கவலைப்படவில்லை, நானும் படவில்லை.)

அதே காவியத்தில், கொலைப் பாவம் கழிக்க ஜேசனும் மீடியாவும் கிர்கே வீட்டுக்குப் போய், வாய் திறக்காமல் அடுப்படியில் உட்காருகிறார்கள். மீடியா முகத்தைக் கையால் மூடியிருக்கிறாள். சடங்கு முடிந்து அவள் தலை நிமிர்ந்ததுமே கிர்கேக்குத் தெரிந்துவிடுகிறது, இது நம் வீட்டுப் பெண் என்று. சூரியன் வம்சத்தாருக்குக் கண்ணில் பொன் மாதிரி ஒரு ஒளி இருக்குமாம். அப்புறம் இருவரும் தங்கள் ஊர்ப் பேச்சில் பேசிக்கொள்கிறார்கள். நடந்தது புரிந்ததும் அத்தை இரக்கப்படுகிறாள், ஆனாலும் வீட்டை விட்டுப் போகச் சொல்லிவிடுகிறாள்.

கேள்வி: ஹெலனும் பெனலோப்பியும் அக்கா தங்கையா?
- வாசகர், ஈரோடு

பதில்: ஆமாம், ஒன்றுவிட்ட வகையில். டிராய் போருக்குக் காரணமான ஹெலனை வளர்த்த டின்டேரியஸும், ஒடிசியஸின் மனைவி பெனலோப்பியின் அப்பா இக்காரியஸும் உடன்பிறந்தவர்கள். ஹெலனின் கூடப் பிறந்த கிளிட்டம்னெஸ்ட்ராவையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஹோமரின் 'ஒடிசி' காவியத்தில் செத்துப்போன அவள் கணவன் அகமெம்னானின் ஆவி, பெனலோப்பியைப் புகழ்ந்து, தன்னைக் கொன்ற மனைவியைத் தூற்றும். டிராய்க்குப் படை கிளம்பக் காற்று வேண்டுமென்று ஆலிஸில் மகள் இஃபிஜெனியாவை அவன் பலியிட்டதாகப் பிற நூல்கள் சொல்கின்றனவே, அதைப் பற்றி அங்கே ஒரு வார்த்தை கிடையாது. அந்தத் தாயின் பக்கமும் கேட்கப்பட வேண்டும் என்பதுதான் என் கருத்து.

கேள்வி: 20 வருஷம் கழித்து வந்தவன் ஒடிசியஸ்தான் என்று வீட்டில் எப்படி நம்பினார்கள்?
- வாசகி, நாகர்கோவில்

பதில்: டிராய் போருக்குப் போய்த் திரும்பிய அவனுக்குக் கால் கழுவிவிட்ட செவிலித்தாய் யூரிக்லியா தொடைத் தழும்பைத் தொட்டே கண்டுபிடித்தாள். சின்ன வயதில் அம்மாவைப் பெற்ற தாத்தா ஆட்டோலிக்கஸ் வீட்டுக்குப் போனபோது பன்றி வேட்டையில் பட்ட காயம் அது. பெனலோப்பி கட்டிலை வைத்துச் சோதித்தாள். வேரோடு நின்ற ஒலிவ மரத்தையே காலாக வைத்து அவன் இழைத்த கட்டில் அது, நகர்த்தவே முடியாது என்பது அவர்களுக்குத்தான் தெரியும்.

ஆனால் என் மனதில் நிற்பது அப்பா லயேர்ட்டஸ்தான். மகன் தேடிப்போகும்போது கிழவர் தோட்டத்தில் ஒரு செடியைச் சுற்றிக் கொத்திக்கொண்டிருக்கிறார். ஒட்டுப்போட்ட அழுக்குச் சட்டை, முள் கிழிக்காமலிருக்கக் கையுறை, காலில் தோல், தலையில் ஆட்டுத்தோல் தொப்பி. ஒடிசியஸ் முதலில் யாரோ மாதிரி பேசிப் பார்க்கிறான், அவர் மண்ணை அள்ளித் தலையில் போட்டுக்கொண்டு அழுததும் தாங்க முடியாமல் உண்மையைச் சொல்லிவிடுகிறான். அடையாளம் கேட்கிறார் அப்பா. தழும்பைக் காட்டியவன், சின்னப் பிள்ளையாக உங்கள் பின்னாலேயே நடந்து வந்தபோது எனக்கென்று கொடுத்தீர்களே என்று எண்ணிச் சொல்கிறான்: 13 பேரி மரம், 10 ஆப்பிள், 40 அத்தி, அப்புறம் திராட்சைக் கொடி 50 வரிசை தருகிறேன் என்றீர்கள். கிழவருக்கு முழங்கால் தளர்ந்துவிடுகிறது, மகனைக் கட்டிக்கொண்டு அப்படியே சாய்கிறார்.

பெனலோப்பியை மணக்க வந்து வீட்டில் தங்கியவர்களை ஒடிசியஸ் கொன்றுவிட்டதால், அதே நாளில் ஊர்க்காரர்கள் சண்டைக்கு வரும்போது அவரும் கவசம் மாட்டி, ஒடிசியஸுக்கும் பேரன் டெலிமாக்கஸுக்கும் பக்கத்தில் நிற்கிறார். யார் பெரிய வீரன் என்று மகனும் பேரனும் போட்டி போடுகிறார்கள், எனக்கு இதைவிட நல்ல நாள் உண்டா என்று சந்தோஷப்படுகிறார்.