துவக்கும் ஊரும்: ஓய்வுபெற்ற கிராம அலுவலரிடம் கேளுங்கள்

கனடாவில் இருந்து ஒரு தம்பி: ஐயா, எங்கள் அப்பப்பாவிடம் துவக்கு, அதாவது துப்பாக்கி, இருந்ததாம். சாதாரண சனமும் வைத்திருந்ததா?

வைத்திருந்தது தம்பி. இலங்கையின் 1916ஆம் ஆண்டுச் சுடுகலன் சட்டத்தின்படி அனுமதிப்பத்திரம் எடுத்து, வருசா வருசம் புதுப்பிக்க வேண்டும். வன்னியில் வயல் செய்தவர்களுக்குப் பன்றி விரட்டத் தேவைப்பட்டது. எங்கள் மாமா மாம்பழக் காலத்தில் வௌவாலுக்கு வெடி வைப்பார். மற்ற நாளெல்லாம் அது எண்ணெய் பூசிய துணியில் சுற்றியபடி அலுமாரிக்கு மேலே கிடக்கும். எண்பதுகளில் ஓர் இரவு இயக்கப் பெடியள் வந்து அதை வாங்கிக்கொண்டு போனார்கள். அதன் பிறகும் மாமா பத்திரத்தைக் காணி உறுதியோடு சேர்த்துப் பொலித்தீன் பையில் கட்டி வைத்திருந்தார். துவக்கு எங்கே என்று யாராவது கேட்டால் என்ன சொல்வது என்ற பயம் சாகும்வரை அவருக்குப் போகவில்லை.

துவக்கு என்றால் பயம் என்று ஆனது எப்போது?

1975 ஜூலை 27 அன்று பொன்னாலை வரதராசப் பெருமாள் கோயிலடியில் யாழ்ப்பாண மேயர் அல்பிரட் துரையப்பா சுடப்பட்ட செய்தி வந்தபோது, எங்கள் ஊர்க் கடையில் கதை சட்டென்று நின்றது. எனக்கு அன்றிலிருந்துதான்.

ஒரு தாய்: திருவிழாவில் மகன் விளையாட்டுத் துவக்கு கேட்டு அழுகிறான். வாங்கிக் கொடுக்கலாமா?

பிள்ளை, என் மகன் ஏழு வயதில், பனை மட்டையைச் சீவி, சைக்கிள் டியூப்பில் வார் போட்டு, தானே ஒன்று செய்தான். உண்மையிலேயே அழகாக இருந்தது. தோளில் மாட்டிக்கொண்டு படலைக்குப் போனவனை மனைவி ஓடிப்போய் இழுத்து வந்தாள். சந்தியில் சென்றிப் பொயின்ற், துவக்கோடு நிற்கும் காவலரண். தூரத்தில் நிற்பவனுக்கு அது பனை மட்டை என்று தெரியுமா? அன்றிரவே அடுப்பில் வைத்தேன். அவன் அழுத அழுகை இன்னும் என் காதில் இருக்கிறது. உங்கள் மகனுக்கு அந்தச் சென்றி இல்லை, விளையாடட்டும். ஆனால் வீட்டில் அம்மம்மா இருந்தால், வெடிச் சத்தம் போடுகிற சாமான் வேண்டாம். என் மனைவி தீபாவளி வெடிக்கு இன்னமும் சுவரோடு ஒட்டிக் குந்துகிறாள்.

தென்மராட்சியில் குரங்குத் தொல்லை தாங்க முடியவில்லை. கட்டுத்துவக்கு வைக்கலாமா?

வைக்கவே கூடாது. கம்பியில் கால் தட்டினால் தானாக வெடிக்கிற பொறி அது, சட்டவிரோதம். அதோடு, விறகுக்குப் போகிறவரின் காலைத்தான் முதலில் எடுக்கும். முறையான துவக்கு தேவையென்றால் உங்கள் கிராம அலுவலரிடம் போய்ப் பேசுங்கள்.

கிணறு வெட்டும்போது துருப்பிடித்த ஷெல் மாதிரி ஒன்று வந்தது.

தொடாதீர்கள், தண்ணீர் ஊற்றாதீர்கள். மண்வெட்டியை அங்கேயே விட்டுவிட்டு எல்லோரும் விலகி நின்று பொலிஸ் அவசர எண் 119க்கு அடியுங்கள்.