வாடகைக்காரர் காத்திருக்கட்டும், சுவர் காத்திருக்காது

"ஊரில் இருக்கும் வீட்டில் குடியிருப்பவர் காலி செய்ய மறுக்கிறார். பக்கத்து வீட்டுக்காரரோ எங்கள் இடத்தில் ஒன்றரை அடி உள்ளே வந்து சுவர் எழுப்பிவிட்டார். இரண்டையும் ஒரே வழக்காகப் போடலாமா?" என்று கேட்டிருக்கிறீர்கள்.

தமிழ்நாட்டில் முடியாது. குடியிருப்பவர் விவகாரம் வாடகை நீதிமன்றத்துக்குப் போகும், சுவர் சிவில் கோர்ட்டுக்கு. நான் வக்கீல் இல்லை. கும்பகோணம் பக்கம் தாத்தா வீட்டுக்காக இதே இரட்டைத் தலைவலியில் ஏழு வருடம் வாய்தா வாய்தாவாக அலைந்தவன்.

அப்பாவுக்குக் குடியிருந்தவர் மேல்தான் பயம். பன்னிரண்டு வருஷம் தாண்டினால் வீடே அவருக்குப் போய்விடும் என்று யாரோ சொல்லிவிட்டார்கள். அது தவறு. வாடகைக்கு வந்தவர் நம் சம்மதத்தோடு இருப்பவர். குடியிருந்துகொண்டே நமக்கு அந்த வீட்டில் உரிமை இல்லை என்று வாதாட சட்டம் அவரை விடாது. அந்த 12 வருடக் கணக்கு உண்மையில் சுவர்க்காரருக்குத்தான் உதவும். சம்மதம் இல்லாமல், ஊரறிய, தன்னுடையது என்றே சொல்லி அத்தனை வருடம் தொடர்ந்து வைத்திருந்தால் எதிரிடை அனுபவம் (அடுத்தவர் இடத்தை நீண்ட நாள் அனுபவித்ததால் வரும் உரிமை) என்று கேட்க முடியும்.

நாங்கள் தலைகீழாகச் செய்தோம். முதலில் குடியிருந்தவரோடு மல்லுக்கட்டி அனுப்பிவிட்டுத்தான் சுவர் பக்கம் திரும்பினோம். அஸ்திவாரம் தோண்டியதைக் கண்ணால் பார்த்த ஒரே ஆள் அவர்தான். சாட்சி சொல்லக் கூப்பிட்டபோது "நமக்கெதுக்கு சார் கோர்ட்டு வம்பு" என்று போனை வைத்துவிட்டார். அவரைக் குறை சொல்ல வாயில்லை.

கோர்ட்டில் கொடுத்த பிராதிலும் (வழக்கு மனுவிலும்) ஒரு கோளாறு. இனி எங்கள் இடத்தில் தலையிடக் கூடாது என்று தடுக்கும் நிரந்தர உறுத்துக்கட்டளை மட்டும் கேட்டிருந்தோம். சுவர் ஏற்கெனவே எழும்பி, இடம் எதிராளி கையில் இருக்கும்போது அது போதாது. இடம் எங்களுடையது என்று கோர்ட் அறிவிக்கும் உரிமை விளம்புகை, இடத்தை மீட்பது, சுவரை இடிக்க உத்தரவிடும் செயலுறுத்துக்கட்டளை எல்லாம் சேர்த்துக் கேட்க வேண்டும். 2008-ல் அனதுலா சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே பிரித்துச் சொல்லியிருக்கிறது. பிராதைத் திருத்தவே ஒரு வருடம் போனது.

அப்புறம் இடத்தைப் பார்த்து அறிக்கை தர கோர்ட் நியமித்த வக்கீல், அதாவது அட்வகேட் கமிஷனர், சர்வேயரோடு வந்தார். பத்திரத்தில் "கிழமேல் ஜாதியடி 32" (கிழக்கு மேற்காக 32 அடி) என்று இருக்கிறது, சரி. எங்கிருந்து 32? செக்குபந்தியில் (பத்திரத்தின் நான்கு பக்க எல்லை விவரத்தில்) சொன்ன பழைய மண்சுவர் எப்போதோ கரைந்துவிட்டது. எஃப்.எம்.பி. என்கிற அரசு நில அளவை வரைபடம் கையில் இருந்தாலும் தரையில் ஒரு சர்வே கல்லாவது கிடைத்தால்தான் டேப்பை வைக்க முடியும். எதிராளி ஒரு மூலையைக் காட்டினார், நாங்கள் வேறொன்றை. இரண்டு முறை அளந்தும் முடியவில்லை. மூன்றாம் முறை, கிணற்றடியில் துணி துவைக்கப் போட்டிருந்த பலகைக் கல்லைப் புரட்டியபோது அதற்கடியில் இருந்தது சர்வே கல். அந்தப் பலகைக் கல்லை அங்கே போட்டவர் நாங்கள் காலி செய்ய வைத்த குடித்தனக்காரர்தான். கேட்டிருந்தால் ஒரு நிமிடத்தில் சொல்லியிருப்பார்.

குடியிருப்பவரைக் காலி செய்ய தமிழ்நாட்டின் 2017-ஆம் ஆண்டு வாடகைச் சட்டம் இருக்கிறது, 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில். இரண்டு மாத வாடகை பாக்கி, சொந்தத் தேவை, எழுத்து ஒப்பந்தம் போடாதது இவையெல்லாம் அதில் காரணங்கள். கோபத்தில் தண்ணீரையோ கரண்டையோ நிறுத்திவிடாதீர்கள், அது அவர் கையில் ஆயுதமாகிவிடும். ஒப்பந்தத்தில் வேறு மாதிரி பேசிக்கொள்ளாவிட்டால் அட்வான்ஸும் மூன்று மாத வாடகைக்கு மேல் வாங்கக் கூடாது என்கிறது சட்டம் (பத்து மாதம் வாங்கிப் பழகிய நம்மூரில் இதைச் சொன்னால் சிரிப்பார்கள்). காலி செய்யும் இந்த வழக்கை ஆறு மாதம் தள்ளிப் போட்டால் ஒன்றும் குடிமுழுகாது.

இந்த வாரமே எஃப்.எம்.பி. நகல் எடுத்து, அளவைக்கு விண்ணப்பம் போடுங்கள். வக்கீல் நோட்டீஸ் அனுப்பும் முன், குடியிருப்பவரிடம் ஒருதரம் நேரில் போய், சுவருக்கு எப்போது அஸ்திவாரம் தோண்டினார்கள், கொல்லையில் எங்காவது சர்வே கல் கண்ணில் பட்டதா என்று கேளுங்கள்.