தகாஷி ஷிமுரா: கேளுங்கள், சொல்கிறேன்

புதுமுகம்: யார் இவர்? எங்கே தொடங்கலாம்?

பதில்: 1905-இல் பிறந்து 1982-இல் மறைந்த ஜப்பானியக் குணச்சித்திர நடிகர். இயக்குநர் அகிரா குரோசாவாவின் 30 படங்களில் 21-இல் நடித்தவர். அந்தப் படங்களின் நட்சத்திர நாயகன் தோஷிரோ மிஃபுனேயே 16 தான். ‘செவன் சாமுராய்’ பாருங்கள், 207 நிமிடப் பிரதி. வெட்டிய பிரதி வேண்டாம்.

இரவுக்காட்சி: அதில் அடிக்கடி தலையைத் தடவுகிறாரே, ஏன் சார்?

பதில்: நல்ல கேள்வி. குழந்தையைப் பிடித்துவைத்திருக்கும் திருடனை நெருங்க, ஷிமுரா நடிக்கும் சாமுராய் கம்பேய் துறவி வேடம் போட வேண்டும். ஓடைக்கரையில் உட்கார்ந்து குடுமியை வெட்டித் தலையை மழித்துக்கொள்கிறார். குடுமிதான் சாமுராயின் மானம். ஊரே வாயடைத்துப் பார்க்கிறது. ஷிமுரா முகத்தில் மட்டும் சலனமில்லை. மழித்த தலையோடு, கையில் சோற்று உருண்டைகளோடு போய் வேலையை முடிக்கிறார். அதற்கப்புறம் படம் முழுக்க, யோசிக்கும்போதும் சங்கடப்படும்போதும் கை தானாக அந்தத் தலைக்குப் போகிறது. அவர் கொடுத்த விலையை வசனமே இல்லாமல் அந்தக் கை ஞாபகப்படுத்துகிறது. படத்தைச் சுருக்குகிறவன் முதலில் கத்தரிப்பது இந்த மாதிரி இடங்களைத்தான்.

பாப்கார்ன்: மிஃபுனேவும் குரோசாவாவும் ஏன் பிரிந்தார்கள்?

பதில்: 1965-இன் ‘ரெட் பியர்ட்’ தான் சேர்ந்து செய்த கடைசிப் படம். மற்றதை மிஃபுனே ரசிகர்களிடம் கேளுங்கள்.

கடைசிவரிசை: ‘இகிரு’வில் அவர்தானே ஹீரோ? குணச்சித்திர நடிகர் என்று சொல்வது அநியாயம்.

பதில்: அந்தப் படத்தையே எடுத்துக்கொள்வோம். மூன்றில் இரண்டு பங்கு ஓடியதும் அவர் நடிக்கும் நகராட்சி அலுவலர் வதனாபே செத்துப்போகிறார். மிச்சத்தில் அவர் மாலைக்கு நடுவே ஒரு போட்டோ. அவர் பாடுபட்டுக் கட்டவைத்த பூங்கா யாரால் வந்தது என்று சக ஊழியர்கள் குடித்துவிட்டு வாதாடுகிறார்கள். அவர்கள் நினைவில் துண்டு துண்டாக வந்துபோகிறார். கதாநாயகனாகியும் ஓரத்துக்குத் தள்ளப்பட்டவர்!

கடைசிவரிசை: அந்தத் துண்டுகளில் ஒன்றுதானே பனியில் ஊஞ்சலாடிப் பாடுவது? ஓரமாவது!

இரவுக்காட்சி: ‘டிரங்கன் ஏஞ்சல்’ சொல்லுங்கள். தலைப்பே டாக்டர் ஷிமுராவைத்தான் குறிக்கிறது. பேச்சு மட்டும் மிஃபுனேயைப் பற்றி.

பதில்: என் கட்சிக்கு ஆள் கிடைத்துவிட்டார். 1948-இல் புதுப்பையன் மிஃபுனே திரையைக் கிழித்துக்கொண்டு ஆட, குடிகார டாக்டராக இவர் திட்டித் திட்டியே ஈடுகொடுக்கிறார். எதிரே இருப்பவனை மேலும் பெரிதாக்கும் வித்தை அது. ஊஞ்சல் காட்சி அவருடையது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் 21 படங்களில் பெரும்பாலானவற்றில் அவர் செய்தது இந்த வேலையைத்தான்.

கடைசிவரிசை: பெரும்பாலும் என்றால் எப்போதும் இல்லை!

பதில்: சரி, விடுங்கள் ஐயா.

குட்டிராட்சசன்: காட்ஸில்லாவில் இருப்பவரும் இவரா?

பதில்: இவரேதான். ஏப்ரல் 1954-இல் சாமுராய், அதே நவம்பரில் தொல்லுயிரியல் பேராசிரியர் யமானே. அந்த ராட்சத மிருகத்தை ஊரே கொல்லத் துடிக்கும்போது ‘ஆராய வேண்டும்’ என்று மன்றாடும் ஆள். 1956-இன் அமெரிக்கப் பிரதியில் ரேமண்ட் பர் என்ற நடிகரை நுழைத்து இவரைக் குறைத்துவிட்டார்கள். ஜப்பானிய மூலத்தைப் பாருங்கள்.

மழைக்காலம்: மிஃபுனே, குரோசாவா சண்டை என்ன?

பதில்: மேலே பார்க்கவும்.

மழைக்காலம்: குரோசாவாவோடு கடைசிப் படம்?

பதில்: ‘ககேமுஷா’, 1980. வெளிநாட்டுக்காகச் சுருக்கியபோது ஷிமுராவின் காட்சிகள் போய்விட்டன. அதைப் பார்த்தவர்கள்தான் ‘அவர் எங்கே வருகிறார்’ என்று என்னிடம் வருகிறார்கள். மூன்று மணி நேரப் பிரதியைத் தேடுங்கள்.

பாப்கார்ன்: சின்னப் பிரதிதான் கிடைக்கிறது. பரவாயில்லையா?

பதில்: பரவாயில்லை என்று நான் எப்போது சொன்னேன்?