ஸ்கூல்ல ஒரு பிறந்த தேதி, பர்த் சர்டிபிகேட்ல ஒரு தேதி: கஸ்டடி கேஸ்ல எது நிக்கும்?

கேள்வி: கடலூர் ஓ.டி.ல (ஓல்ட் டவுன்) அம்மா வீட்ல பையனோட இருக்கேன். அவன் பாண்டி ஜிப்மர் ஆஸ்பத்திரில நவம்பர் மாசம் பொறந்தான். எல்.கே.ஜி சேர்க்கறப்ப வயசு பத்தலன்னாங்க, சர்டிபிகேட் அப்புறம் தரோம்னு சொல்லி மே மாசம்னு எழுதிட்டோம். இப்ப வீட்டுக்காரர் பாண்டி கோர்ட்ல கஸ்டடி கேஸ் போட்டு, ஸ்கூல் ரெக்கார்டுபடி அஞ்சு வயசு முடிஞ்சிடுச்சு, பையனை குடுங்கறார். வயசைக் கண்டுபிடிக்க எலும்பு டெஸ்ட் எடுக்கணும்னு அவர் வக்கீல் சொல்றார். சர்டிபிகேட் அவர்கிட்ட மாட்டிக்கிச்சு, தமிழ்நாடு சைட்ல தேடினா வரல. என்ன பண்றது?

பதில்: பயப்படாதீங்கம்மா, உங்க பக்கம்தான் பலமா இருக்கு.

சர்டிபிகேட் தமிழ்நாடு சைட்ல வராது, ஏன்னா பிறப்பு எங்க நடந்துச்சோ அந்த ஊர்லதான் பதிவாகும். ஜிப்மர் உழவர்கரை நகராட்சி எல்லையில வருது, அங்க போய் உங்க பேரு, பையன் பொறந்த தேதி சொல்லி நகல் கேளுங்க, ஒரிஜினல் அவர்கிட்ட இருந்தாலும் பரவாயில்ல.

ஸ்கூல் ரெஜிஸ்டர்ல இருக்குங்கறதுக்காக மட்டும் அந்த தேதி நிரூபணம் ஆயிடாது. எதை வச்சு அந்த தேதிய எழுதினாங்கன்னு ஆதாரம் இல்லன்னா அந்தப் பதிவுக்கு மதிப்பு கம்மின்னு சுப்ரீம் கோர்ட் 1988லயே பிரத் மல் சிங்வி கேஸ்ல சொல்லிடுச்சு. அதனால அட்மிஷன் பாரத்தோட காப்பி வாங்குங்க, அதுல அவர் கையெழுத்தும் இருந்தா மே மாசம்ங்கறது எப்படி வந்துச்சுன்னு அவருக்கும் தெரியும்னு ஆகுது. தயவுசெஞ்சு எதையும் மறைக்காதீங்க, அட்மிஷனுக்காக மாத்தி எழுதினோம்னு கவுன்டர்ல, அதாவது கோர்ட்ல நீங்க குடுக்கற பதில் மனுவுல, நேராவே சொல்லிடுங்க, கேஸ் நடக்கறப்ப ரகசியமா ஸ்கூல்ல திருத்தினா அதுதான் உங்களுக்கு எதிரா திரும்பும்.

சர்டிபிகேட்டுக்குத் துணையா ஜிப்மர் டிஸ்சார்ஜ் சம்மரி, பொறந்தப்ப போட்ட பி.சி.ஜி, போலியோ சொட்டு மருந்து தேதி இருக்கற தடுப்பூசி அட்டை, கர்ப்பமா இருந்தப்ப நர்ஸ் பதிஞ்ச பிக்மி நம்பர் எல்லாத்தையும் தேடி எடுங்க. இதுல ரொம்ப பலமானது ஸ்கேன் ரிப்போர்ட்தான், அந்த வருஷம் ஆகஸ்ட்லயோ செப்டம்பர்லயோ எடுத்தது ஒண்ணு கெடச்சா போதும், மே மாசம் பொறந்த புள்ள ஆகஸ்ட்ல எப்படி வயித்துல இருக்கும்? ஆதாரை மட்டும் நம்பாதீங்க, அது பிறந்த தேதிக்கு ஆதாரம் இல்லன்னு 2024ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு.

எலும்பு டெஸ்டுக்கு கண்டிப்பா ஆட்சேபணை போடுங்க. எக்ஸ்ரே பார்த்து சொல்ற வயசுல முன்ன பின்ன ரெண்டு வருஷம் வித்தியாசம் வரலாம்னு 1982ல ஜெயமாலா கேஸ்லயே கோர்ட் ஏத்துக்கிட்டாச்சு. உங்க சண்டையே ஆறு மாசத்துக்குத்தான், அதை அந்த டெஸ்ட் எப்படி தீர்க்கும்? சிறார் நீதிச் சட்டம் 94வது பிரிவுலயும் சர்டிபிகேட் எதுவும் இல்லாதப்பதான் மருத்துவ டெஸ்ட்டுன்னு வரிசை இருக்கு, அந்தச் சட்டம் கஸ்டடி கேஸுக்கு நேரடியா வராதுன்னாலும் வாதத்துக்கு எடுத்து வைக்கலாம். அந்தச் சின்னப் புள்ளைய இதுக்காக ஆஸ்பத்திரிக்கு இழுக்கறது எனக்கு மனசு ஒப்பல.

இன்னொண்ணு, இதுதான் முக்கியம். நீங்க இந்துன்னு எடுத்துக்கிட்டு சொல்றேன். 1956 இந்து மைனர், கார்டியன் சட்டத்துல 6வது பிரிவு, அஞ்சு வயசு முடியாத குழந்தை சாதாரணமா அம்மாகிட்டதான் இருக்கணும்னு சொல்லுது, ஆனா அஞ்சு முடிஞ்ச மறுநாளே அப்பாகிட்ட குடுத்துடணும்னு எங்கயும் சொல்லல. 13வது பிரிவுபடி குழந்தையோட நலன்தான் எல்லாத்துக்கும் மேல. அதனால வயசை மட்டும் புடிச்சுக்கிட்டு நிக்காம, பையன் உங்ககிட்ட எப்படி வளர்றான், யாரு ஸ்கூலுக்கு கூட்டிட்டு போறா, காய்ச்சல்னா யாரு பாக்கறா, இதெல்லாம் கவுன்டர்ல விரிவா வரணும். அப்பா வந்து பாக்கறதையும் தடுக்காதீங்க, பையனுக்கும் அது வேணும், கோர்ட்டும் அதை கவனிக்கும்.

பாண்டி கோர்ட்ல கேஸ் நிக்குமாங்கறதும் ஒரு கேள்விதான். 1890 கார்டியன்ஸ் சட்டம் 9வது பிரிவுபடி குழந்தை வழக்கமா குடியிருக்கற இடத்து கோர்ட்லதான் போடணும், பையன் கடலூர்ல படிக்கறான், அந்த ஆட்சேபணைய முதல் பதில்லயே எழுதிடுங்க. கேஸை ஊர் மாத்த வேண்டி வந்தா டெல்லி சுப்ரீம் கோர்ட் வரைக்கும் போக வேண்டாம், ரெண்டு ஊரும் மெட்ராஸ் ஹைகோர்ட் கீழதான் வருது.

வக்கீல் ஃபீஸுக்கு வழியில்லன்னா சட்டப் பணிகள் ஆணைக்குழுல மனு குடுங்க, பொண்ணுங்களுக்கு வருமானம் பாக்காம இலவசமா வக்கீல் தரணும்ங்கறது சட்டம். ஆனா வாய்தா தேதிய மட்டும் விட்றாதீங்க, நீங்க போகலன்னா எக்ஸ்பார்ட்டி ஆயிடும், அதாவது உங்க பக்கம் கேக்காமலே கேஸ் முடிஞ்சிடும், அதுக்கு முன்னாடியே இந்த வாரத்துல உழவர்கரை போயிட்டு வந்துடுங்க.